எலி வளைக்கு முன்னால் ஒரு காமிரா

வடநெம்மேலிக்குப் பக்கத்தில் ஒரு வயல்வெளி. வெயில் ஏறுமுன்பே ஆவணப்படக் குழு வந்துவிட்டது: இயக்குநர், ஒளிப்பதிவாளர், ஒலிப்பதிவாளர், மூன்றே பேர். அவர்களுக்கு முன்னால் கடப்பாரையோடு ஓர் இருளர் பழங்குடித் தம்பதி. அன்றைய படப்பிடிப்பை நடத்தியவர்கள் இந்த இருவர்தான்.

வரப்பில் என் கண்ணுக்கு ஒன்றும் புலப்படவில்லை. அந்த அம்மா குனிந்து ஓர் எலி வளையைப் பார்த்தார். வாயோரத்து மண் வழவழவென்று தேய்ந்திருந்தது. சற்றுத் தள்ளிக் காய்ந்த எச்சம். “உள்ளதான் இருக்குது” என்றார். கணவர் கைகாட்டிய இடத்தில்தான் முக்காலி ஊன்றப்பட்டது. நிலத்தின் அதிர்வு பாம்புக்கு எட்டிவிடும் என்பதால், வெட்டத் தொடங்குமுன் லென்ஸும் மைக்கும் தயாராகி, எல்லோரும் அசையாமல் நிற்க வேண்டும். ‘இன்னொரு டேக்’ என்ற பேச்சே இல்லை. வந்தது நல்ல பாம்பு. அது படமெடுக்கட்டும் என்று யாரும் சீண்டவில்லை. வாலைப் பிடித்துத் துணிப்பையில் இறக்கி முடிச்சுப் போட்டாயிற்று. இந்தக் கட்டுப்பாட்டை நான் மிகவும் மதிக்கிறேன். திரையில் சீறலையே காட்டிக் காட்டித்தான், பாம்பைக் கண்டதும் கம்பு தேடப் பழகியிருக்கிறோம்.

இருளர்கள் ஒரு காலத்தில் தோலுக்காகப் பாம்பு பிடித்தவர்கள். 1972ல் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் வந்து, தோல் ஏற்றுமதியும் நின்றபோது பிழைப்பு போனது. பாம்பு ஆய்வாளர் ராமுலஸ் விட்டேகரின் முயற்சியால் 1978ல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் பிறந்தது. அதே கைகள் நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் நான்கையும் பிடித்து, விஷம் எடுத்து, திரும்ப விடத் தொடங்கின. அந்த விஷத்திலிருந்துதான் பாம்புக்கடிக்கான விஷமுறிவு மருந்து. இந்தியாவில் ஆண்டுக்குச் சராசரியாக 58,000 பேர் பாம்புக்கடியில் இறக்கும்போது அதன் அருமை தெரியும். சென்னையைச் சேர்ந்த ஆவணப்பட இயக்குநர் சேகர் தத்தாத்ரி 1980களிலேயே இந்தச் சங்கத்தைப் படமாக்கினார். 2017ல் இருளர்களான மாசி சடையனும் வடிவேல் கோபாலும் பர்மிய மலைப்பாம்பு பிடிக்க அமெரிக்காவின் புளோரிடா வரை போனார்கள். 2023ல் இருவருக்கும் பத்மஸ்ரீ.

நான் பார்த்த குழு, வழிகாட்டிய தம்பதிக்குத் தினக்கூலி தரவில்லை. குழுவினருக்குரிய சம்பளமே தந்தது. படத்தின் பெயர்ப்பட்டியலிலும் இருவர் பெயரும் மற்றவர்களோடு சேர்ந்து வரும். எடுத்த காட்சிகளைக் குடியிருப்பில் வெள்ளை வேட்டி கட்டிப் போட்டுக் காட்டினார்கள். பிள்ளைகள் ஆரவாரித்தார்கள். முன்வரிசையில் இருந்த ஒரு மூதாட்டியின் முகம் மட்டும் மலரவில்லை.

“தம்பி, புடிச்சதக் காட்டிட்ட. வெசம் எடுத்ததக் காட்டிட்ட. வுட்டத எங்க?”

விஷம் எடுத்த பாம்பின் அடிவயிற்றுச் செதிலை அடையாளமாகக் கத்தரிப்பார்கள், அதையே மறுபடி பிடித்து வதைக்காமல் இருப்பதற்காக. பிறகு காட்டில் விடுவார்கள். அது படத்தில் இல்லாவிட்டால் இருளர்கள் வெறும் பாம்பு பிடிப்பவர்களாகத்தானே தெரிவார்கள்? இயக்குநர் நோட்டைத் திறந்து, அடுத்து எப்போது பாம்புகளை விடப் போகிறார்கள் என்று அந்த மூதாட்டியிடமே கேட்டுக் குறித்துக்கொண்டார்.