கொடுத்தவர் பெயர்

2004 டிசம்பரில் ஜப்பானில் எட்டு நாள் இடைவெளியில் இரண்டு பொருள்கள் வெளிவந்தன. 12ஆம் தேதி, சோனி நிறுவனத்தின் பிளேஸ்டேஷன் போர்ட்டபிள் கடைகளுக்கு வந்தது. பி.எஸ்.பி. என்று எல்லாரும் சொல்லும் கையடக்க விளையாட்டுக் கருவி அதுதான். 20ஆம் தேதி, டைசுகே அமாயா என்பவர் தாம் ஐந்து ஆண்டுகள் தனியாளாக உட்கார்ந்து செய்த ‘கேவ் ஸ்டோரி’ என்ற கணினி விளையாட்டை இணையத்தில் வைத்தார். கதை, படம், இசை, நிரல் அத்தனையும் அவர் ஒருவருடைய உழைப்பு. யார் வேண்டுமானாலும் காசில்லாமல் எடுத்து விளையாடலாம் என்று கொடுத்துவிட்டார்.

இரண்டும் ஒன்றையொன்று அறியாமல் பிறந்தவை. பின்னர் ஒரு ரசிகர் கேவ் ஸ்டோரியை பி.எஸ்.பி.யில் ஓடும்படி மாற்றி எழுதினார். அவரும் அதற்குக் காசு கேட்கவில்லை. இன்று என்னிடம் இருக்கும் பி.எஸ்.பி.யில் நான் அதிகம் விளையாடுவது அந்த விளையாட்டைத்தான். விலை கொடுத்து வாங்கிய வட்டுகள் சில அலமாரியில் இருக்கின்றன. ஆனால் கருவியைக் கையில் எடுக்கத் தூண்டுவது, யாரோ ஒருவர் கொடுத்துவிட்டுப் போன இந்த விளையாட்டு.

பி.எஸ்.பி. அந்தக் காலத்துக்குப் பெரிய கருவி. 4.3 அங்குலத் திரை, 333 மெகாஹெர்ட்ஸ் வரை ஓடக்கூடிய செயலி, முதல் மாடலில் 32 எம்.பி. நினைவகம், பிளாஸ்டிக் கூட்டுக்குள் சுழலும் சிறு வட்டு. உலகெங்கும் ஏழரைக் கோடிக்கு மேல் விற்றது. 2014இல் அதன் காலம் முடிந்தது. 2021 ஜூலையில் பி.எஸ்.பி.க்கென இருந்த சோனியின் இணையக் கடை வசதிகளும் பெரும்பாலும் நிறுத்தப்பட்டன. அதன் வைஃபை பழைய பாதுகாப்பு முறையைத்தான் அறியும். இன்றைய வீட்டு ரூட்டர்கள் பலவற்றோடு அதனால் பேச முடியாது. ஆக, நல்ல நிலையில் ஓடும் ஒரு கருவி கையில் இருக்கிறது, அதிலிருந்தே புதிதாக ஒன்றை வாங்கக் கடை இல்லை. பரணிலிருந்து பி.எஸ்.பி.யை இறக்கும் எவரும் முதலில் கேட்பது, இதில் இலவசமாக விளையாட என்ன கிடைக்கும் என்பதுதான்.

நம் ஊர்களில் அந்தக் கேள்விக்குப் பழைய பதில் ஒன்று இருந்தது. செல்போனில் பாட்டு ஏற்றித் தந்த கடைகளில் சில பி.எஸ்.பி.யின் மெமரி ஸ்டிக்கில் கேமும் ஏற்றித் தந்தன. ஓர் அசல் வட்டின் விலை மாணவர்களுக்குக் கைக்கெட்டாத தொகை. சிங்கப்பூரிலிருந்தோ துபாயிலிருந்தோ உறவினர் கருவியை மட்டும் வாங்கிவந்து தந்திருப்பார். வட்டுக்கு எங்கே போவது? அந்தப் பையன்களை நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் அப்படி நிரப்பிய ஸ்டிக்குகளை நண்பர்கள் வீட்டில் பார்த்தபோதெல்லாம் எனக்கு ஒன்று உறுத்தியது. முப்பது நாற்பது தலைப்புகள் வரிசையாக நிற்கும். பெரும்பாலானவை ஒருமுறை திறந்து கால் மணி நேரம் பார்த்துவிட்டு விடப்பட்டவை. எந்த விளையாட்டையும் யார் செய்தார்கள் என்று ஒருவருக்கும் தெரியாது. கேட்கவும் தோன்றாது. மொத்தமாக அள்ளி வந்த பண்டத்துக்கு முகமே இல்லாமல் போய்விடுகிறது.

கொடுக்கப்பட்ட விளையாட்டுகள் வேறு வகை. 1994இல் இங்கிலாந்தின் ரெவல்யூஷன் சாஃப்ட்வேர் என்ற சிறு நிறுவனம் ‘பினீத் எ ஸ்டீல் ஸ்கை’ என்ற சாகசக் கதை விளையாட்டை உருவாக்கியது. ‘வாட்ச்மென்’ சித்திரக்கதையை வரைந்த டேவ் கிப்பன்ஸ் அதன் உலகத்தை வரைந்து கொடுத்தார். இரும்பு வானத்தின் கீழ் நெருங்கிக் கிடக்கும் ஒரு நகரம். மேலே தொழிற்சாலைகள், கீழே பணக்காரர் வீடுகள். பாலைநிலத்திலிருந்து பிடித்துவரப்பட்ட நாயகனும், எந்த உடலில் பொருத்தினாலும் வாய் ஓயாத அவனுடைய ரோபோ தோழனும். 2003இல் அந்த நிறுவனம் இதை இலவசமாக்கியது. பழைய சாகச விளையாட்டுகளைப் புதிய கருவிகளில் ஓடவைப்பதற்காகத் தன்னார்வலர்கள் எழுதிவரும் ஸ்கம்விஎம் என்ற நிரல் அதைச் சுமந்து சென்றது. அந்த நிரலுக்கு பி.எஸ்.பி. வடிவமும் உண்டு. ‘ஃப்ளைட் ஆஃப் தி அமேசான் குயீன்’ என்ற இன்னொரு பழைய விளையாட்டும் 2004இல் அப்படியே இலவசமாகி அதே வழியில் வருகிறது. கையளவு திரையில் அந்த ஓவியங்கள் நன்றாகவே தெரிகின்றன. கட்டைவிரலால் சுட்டியை நகர்த்தி, ஒவ்வொரு அறையாகத் துழாவி, படுக்கையில் சாய்ந்தபடி கதை படிப்பதுபோல விளையாடலாம்.

இலவசமாகக் கொடுத்ததால் ரெவல்யூஷன் ஒன்றும் இழந்துவிடவில்லை என்றே நினைக்கிறேன். 2020இல் அதே கதையின் தொடர்ச்சியை அவர்கள் வெளியிட்டபோது, இருபத்தாறு ஆண்டுகளுக்குப் பிறகும் அந்த நகரத்தை நினைவு வைத்திருந்தவர்கள் இருந்தார்கள். கேவ் ஸ்டோரியும் 2010 முதல் மெருகேற்றிய வடிவங்களில் விலைக்கு விற்கிறது. இலவசமான முதல் வடிவமும் கூடவே கிடைத்துக்கொண்டிருக்கிறது.

மூன்றாவது வகைக் கொடை இன்னும் ஆழமானது. ‘டூம்’ விளையாட்டைச் செய்த ஐடி சாஃப்ட்வேர், 1993இல் அதன் முதல் பாகத்தின் ஒன்பது கட்டங்களை எல்லாரும் நகலெடுத்துப் பரப்பலாம் என்று விட்டது. 1997 டிசம்பரில் அதன் மூல நிரலையே வெளியிட்டது. 1999 டிசம்பரில் ‘குவேக்’ விளையாட்டின் மூல நிரலும் வந்தது. சமையல் குறிப்பையே ஊருக்குக் கொடுத்த மாதிரி. அதை வைத்துத்தான் உலகெங்கும் தனியாட்கள் இந்த இரண்டையும் எண்ணற்ற கருவிகளுக்குக் கொண்டுபோனார்கள், பி.எஸ்.பி.யும் அந்தப் பட்டியலில் உண்டு. டூமின் படங்களும் கட்டங்களும் இன்றும் உரிமையுள்ளவை. அதனால் ஃப்ரீடூம் என்ற குழுவினர் அந்த நிரலில் ஓடக்கூடிய புதிய கட்டங்களையும் அரக்கர்களையும் தாங்களே வரைந்து இலவசமாக வைத்திருக்கிறார்கள். எடுத்துக்கொள்ள ஆயிரம் வழி இருக்கும்போது, தங்கள் கையாலேயே செய்துகொள்வோம் என்று பல்லாண்டு உட்கார்ந்தவர்கள் அவர்கள். அவர்கள்மீது எனக்குத் தனி மரியாதை.

நிறுவனமும் சில சமயம் இலவசமாகக் கொடுத்ததுண்டு. 2011 ஏப்ரலில் சோனியின் இணைய வலையமைப்புக்குள் திருடர்கள் புகுந்தார்கள். ஏறக்குறைய 7 கோடியே 70 லட்சம் கணக்குகளின் விவரங்கள் ஆபத்துக்குள்ளாயின. சேவை வாரக்கணக்கில் நின்றது. மீண்டும் திறந்தபோது, அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் பி.எஸ்.பி. வைத்திருந்தவர்கள் நான்கில் இரண்டு விளையாட்டுகளை இலவசமாகத் தேர்ந்தெடுக்கலாம் என்றார்கள். ‘லிட்டில்பிக்பிளானட்’டும் அந்த நான்கில் ஒன்று. நல்ல விளையாட்டுதான். ஆனால் அது இழப்பீடு. ஒரு கணக்கோடு கட்டப்பட்டது. குறித்த நாளுக்குள் கேட்டுவாங்க வேண்டியது. அமாயாவின் விளையாட்டுக்கு அப்படி நாள் எதுவும் குறிக்கப்படவில்லை.

என் அக்கா மகனிடம் ஒருநாள் கருவியைக் கொடுத்தேன். செல்போன் விளையாட்டில் ஊறிய பையன். கேவ் ஸ்டோரியில் வெகு நேரம் மூழ்கியிருந்தவன் நிமிர்ந்து, “மாமா, இதுல விளம்பரமே வரலையே?” என்றான். “வராதுடா.” “அப்போ காயின் வாங்கச் சொல்லுமா?” “சொல்லாது.” அவனால் நம்ப முடியவில்லை. இலவசம் என்றால் ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை யாரோ குறுக்கே வந்து எதையோ விற்பார்கள் என்றுதான் அவன் தலைமுறை அறிந்திருக்கிறது. ஒன்றும் திருப்பிக் கேட்காத இலவசத்தை ஒரு சிறுவன் முதன்முதலாகப் பார்ப்பது எனக்கு முக்கியமாகப் பட்டது. அந்த விளையாட்டும் அவனை மதிக்கிறது. நினைவிழந்த ஒரு ரோபோ குகையில் கண்விழிக்கிறது. முயல் முகம் கொண்ட எளிய மக்களிடையே வந்து சேர்கிறது. அவர்களைக் கருவியாக்கப் பார்க்கும் ஒருவனை எதிர்கொள்கிறது. எதிரியை வீழ்த்தினால் துப்பாக்கியின் வலிமை ஏறும், அடிபட்டால் இறங்கும். காசு கொடுத்து ஏற்றிக்கொள்ள வழியே கிடையாது. திறமைதான் ஏற்ற வேண்டும்.

ரசிகர்கள் மாற்றி எழுதிய இந்த விளையாட்டுகளை பி.எஸ்.பி. தானாக ஏற்காது என்பதையும் சொல்ல வேண்டும். சோனியின் கையொப்பம் இல்லாத நிரலை அது ஓட்ட மறுக்கும். 2004இல் ஜப்பானில் வந்த முதல் கருவிகளின் 1.00 மென்பொருளில் அந்தத் தடை சரியாக அமையவில்லை. அடுத்த ஆண்டே ஆர்வலர்கள் அதைக் கண்டுபிடித்துத் தாங்கள் எழுதிய நிரல்களை ஓட்டினார்கள். சோனி அடுத்தடுத்த புதுப்பிப்புகளில் வழியை அடைத்தது. இணைய உலாவி போன்ற புதிய வசதிகளும் அதே புதுப்பிப்புகளில்தான் வந்தன. வசதி வேண்டுமா, சொந்த நிரல் வேண்டுமா என்று கருவியின் சொந்தக்காரர் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டிய நிலை. 2007இல் பேட்டரியை மாற்றியமைத்துக் கருவியைப் பழுதுபார்ப்பு நிலையில் எழுப்பும் வழியைக் கண்டுபிடித்தார்கள். இன்று அந்தச் சிரமம் இல்லை. கடைசி மென்பொருளான 6.61இல் இருக்கும் கருவியை யு.எஸ்.பி. வயரால் கணினியோடு இணைத்து, சில கோப்புகளை மெமரி ஸ்டிக்கில் நகலெடுத்து, கருவியில் அவற்றை ஓட்டினால் போதும். பிறகு விளையாட்டு ஒவ்வொன்றையும் அதன் ஃபோல்டரோடு ‘கேம்’ என்ற ஃபோல்டருக்குள் வைக்க வேண்டியதுதான். பழைய மெமரி ஸ்டிக் கிடைக்காவிட்டால் மைக்ரோ எஸ்டி கார்டைப் பொருத்தும் அடாப்டர் கிடைக்கிறது. இவற்றுக்கெல்லாம் முன்னால் பின்மூடியைத் திறந்து பேட்டரியைப் பாருங்கள். பி.எஸ்.பி.யின் பழைய பேட்டரிகள் உப்பிப்போவது வழக்கம். உப்பியிருந்தால் சார்ஜ் போடாமல் மாற்றிவிடுங்கள்.

இது சட்டத்துக்கு உட்பட்டதா என்று கேட்பவர்கள் உண்டு, கேட்கவும் வேண்டும். நம் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012இல் சேர்க்கப்பட்ட 65ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டைத் தாண்டுபவரைத்தான் தண்டிக்கிறது. இரண்டு ஆண்டு வரை சிறை. சட்டம் வெளிப்படையாகத் தடைசெய்யாத நோக்கத்துக்காகச் செய்வதை அதே பிரிவு தடுக்கவில்லை. அமெரிக்காவின் 1998ஆம் ஆண்டுச் சட்டம் பூட்டைத் திறப்பதையே பொதுவாகத் தடுத்துவிட்டு, மூன்றாண்டுக்கு ஒருமுறை விதிவிலக்குகளைப் பரிசீலிக்கிறது. நோக்கத்தைப் பார்க்கும் நம் சட்டம் இந்த விஷயத்தில் நியாயமானது என்று நினைக்கிறேன். நான் விலை கொடுத்து வாங்கிய கருவியில், செய்தவர் மனமுவந்து தந்த விளையாட்டை ஓட்டுவதால் யாருடைய உரிமையும் குறைவதில்லை.

கொடுக்கவும் ஆளின்றி, விற்கவும் ஆளின்றிக் கிடக்கும் விளையாட்டுகள்தான் என்னை வருத்துகின்றன. வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் என்ற அமைப்பு 2023இல் வெளியிட்ட ஆய்வு, அமெரிக்காவில் 2010க்கு முன் வெளியான விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று விற்பனையிலேயே இல்லை என்று கண்டது. நூலகங்கள் அவற்றைச் சேமித்து, ஆய்வாளர்களுக்குத் தொலைவிலிருந்தும் திறந்துகாட்ட அனுமதி கேட்டபோது, 2024 அக்டோபரில் அமெரிக்க அதிகாரிகள் மறுத்துவிட்டார்கள். நூல்களுக்கு நாம் இதைவிட நல்ல வழி கண்டிருக்கிறோம். பாரதியின் பாடல்களை இசைத்தட்டில் பதிவுசெய்யும் உரிமையை வைத்திருந்த ஏ.வி. மெய்யப்பச் செட்டியார், 1949இல் அதை விலை வாங்காமல் அரசுக்குக் கொடுத்தார். பின்னர் பாரதி எல்லாருக்கும் பொதுவானார். அதற்குப் பிறகு எத்தனையோ எழுத்தாளர்களின் நூல்களை, அவர்களுடைய குடும்பத்துக்குத் தொகை கொடுத்துத் தமிழக அரசு நாட்டுடைமையாக்கியிருக்கிறது. உரியவருக்கு மதிப்பும் செய்து, படைப்பை மக்களுக்கும் கொடுக்க முடியும் என்று கண்ட சமூகம் நாம். விளையாட்டும் ஒரு காலத்தின் ஓவியம், இசை, கதை எல்லாம் சேர்ந்த படைப்புதான். கைவிடப்பட்ட விளையாட்டுகளுக்கும் அப்படியொரு ஏற்பாடு வேண்டும் என்று கேட்பதில் தவறில்லை.

அந்த ஏற்பாடு வரும்வரை, கொடுக்கப்பட்டவையே என் வாழ்நாளுக்குப் போதும். வாங்கிக்கொள்பவருக்கும் சில கடமைகள் இருக்கின்றன. விளையாட்டோடு வரும் குறிப்புக் கோப்பை அழிக்காதீர்கள். செய்தவர் பெயரும் மாற்றி எழுதியவர் பெயரும் அதில்தான் இருக்கின்றன. விளையாடும் முன் அதை ஒருமுறை படியுங்கள். செய்தவர் பின்னாளில் வேறொன்றை விலைக்கு வைத்தால், முடிந்தபோது வாங்குங்கள். நண்பருக்கோ பிள்ளைகளுக்கோ நகலெடுத்துக் கொடுக்கும்போது, ‘இது அமாயா என்பவர் ஐந்து வருஷம் உட்கார்ந்து செய்தது’ என்று ஒரு வார்த்தை சேர்த்துச் சொல்லுங்கள். கையெழுத்துப் போட்டுக் கொடுத்த புத்தகத்தைப் போல அந்த விளையாட்டை அவர்கள் வைத்துக்கொள்வார்கள். அவர்களில் ஒருவருக்கு, தானும் ஒன்றைச் செய்து கொடுக்கலாமே என்று என்றாவது தோன்றும்.