நகையும் ஒரு மெய்ப்பாடே

தொல்காப்பியர் மெய்ப்பாடுகள் எட்டினை எண்ணுமிடத்து நகையையே முதலில் வைத்தார். எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்னும் நான்கும் அது பிறக்கும் நிலைக்களன்கள் என்றார். ஆயினும் சிரிக்க வைப்போரை, அவருள்ளும் பெண்டிரை, நம் சமூகம் கலையுலகின் கடைசி வரிசையிலேயே அமர்த்தி வந்துள்ளது. அவ்வரிசையினின்றும் எழுந்து முன்னே வந்தவர் 'ஆச்சி' மனோரமா.

1937ஆம் ஆண்டு மன்னார்குடியில் பிறந்த அவரது இயற்பெயர் கோபிசாந்தா. தந்தையின் ஆதரவை இழந்த நிலையில், தாயுடன் காரைக்குடியை அடுத்த பள்ளத்தூரில் வளர்ந்தார். பள்ளிப் படிப்பு இளமையிலேயே நின்றது. நாடக மேடை அவரை ஏற்றுக்கொண்டது. 1958இல் கவியரசு கண்ணதாசன் தயாரித்த 'மாலையிட்ட மங்கை' வழியே திரைக்கு வந்தார். அறிஞர் அண்ணாவுடனும் கலைஞருடனும் மேடையில் நடித்தார், எம்.ஜி.ஆர்., என்.டி.ராமராவ், ஜெயலலிதா ஆகியோருடன் திரையில் நடித்தார். ஆயிரத்திற்கும் மேற்பட்ட படங்களில் நடித்தமைக்காகக் கின்னஸ் நூலில் இடம்பெற்றார். 'புதிய பாதை' (1989) தேசிய விருதைத் தந்தது; 2002இல் பத்மஸ்ரீ வந்தது. 2015 அக்டோபர் 10இல் மறைந்தார்.

இவை யாவரும் அறிந்த செய்திகள். தமிழ் பயில்வோராகிய நாம் எண்ண வேண்டியது வேறொன்று உண்டு.

ஒருமுறை எம் வகுப்பில், திருவான்மியூர்க் குப்பத்திலிருந்து வந்து பயிலும் மாணவர் ஒருவர் தம் வீட்டுப் பேச்சிலேயே விடை கூறினார். விடை சரியானதே, ஆயினும் வகுப்பு சிரித்தது. அவர் அமர்ந்தார், அத்திங்கள் முழுதும் மீண்டும் வாய் திறக்கவில்லை. அச்சிரிப்பு எள்ளலிற் பிறந்தது.

அதே சென்னைத் தமிழை மனோரமா பேசியபோதும் தமிழகம் சிரித்தது. இரண்டும் ஒன்றாமோ? 'சம்சாரம் அது மின்சாரம்' (1986) படத்தில் அவர் வீட்டு வேலை செய்யும் கண்ணம்மா. தாம் உழைக்கும் குடும்பத்தின் பொருட்டு ஒருவருடன் வழக்காடுகிறார். ஆங்கே நாம் சிரிப்பது அவர் பேச்சைக் கண்டன்று. அப்பேச்சின் முன் வாயடைத்து நிற்பவரைக் கண்டே. பேசும் பெண் தாழவில்லை, கேட்டவரே தோற்றார்.

செட்டிநாட்டுச் சூழலில் வளர்ந்த அவருக்குச் சென்னைத் தமிழ் தாய்மடியில் வந்ததன்று, செவியாற் கற்றது. மதிப்பின்றிக் கேட்பவருக்கு எம்மொழியும் அவ்வளவு நுட்பமாகக் கைவராது. அத்தமிழோ பல்லோர் கூடி வாழ்ந்தமைக்குச் சான்று: பேஜார், உஷார், கலீஜ் ஆகியவை உருது வழி வந்தவை, நைனா தெலுங்கு தந்தது. துறைமுகத்திலும் சந்தையிலும் மக்கள் ஒருவரோடொருவர் பழகியதால் விளைந்த மொழி அது.

செந்தமிழைப் பிழையறக் கற்பது நம் கடமை. அக்கல்வி அண்டை வீட்டாரின் நாவை அடக்கும் கருவியாகிவிடலாகாது. மாணவச் செல்வங்களே, அடுத்த முறை வகுப்பில் சிரிப்பெழுந்தால், தொல்காப்பியர் கூறிய நான்கனுள் அது எதிற் பிறந்தது என்று ஒரு கணம் எண்ணிப் பாருங்கள். பேசியவர் தலை நிமிர்ந்திருக்கும் சிரிப்பாயின், நாமும் உடன் சிரிப்போம்.