ஸ்டூ பீஸும் இடுமருந்தும்

ஸ்டூ பீஸ் சமைக்கப் போகிறேன் என்றதும் ஆன்ட்டி கேட்ட முதல் கேள்வி, "உன் புருஷன் அதைச் சாப்பிடுவாரா?" கேட்டுவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். எனக்கு விளங்கவில்லை.

ஸ்கார்பரோவில் ஒரு முதியோர் இல்லத்தில் பதினொரு வருடம் இருவரும் இரவு வேலை பார்த்தோம். அவர் ஜமைக்காவிலிருந்து வந்தவர், நான் யாழ்ப்பாணத்திலிருந்து. இடைவேளையில் சாப்பாட்டுப் பெட்டிகளை மாற்றிக்கொள்வோம். ஒருநாள் அவருடைய பெட்டியில் வெள்ளைச் சோற்றின் மேல் கருஞ்சிவப்பாய் ஒரு குழம்பு இருந்தது. தேங்காய்ப்பால் வாசம் வீட்டை நினைவுபடுத்த, செய்முறை கேட்டேன்.

ஜமைக்காவில் 'பீஸ்' என்பது பட்டாணி அல்ல. நாம் ராஜ்மா என்கிற சிவப்பு பீன்ஸையும் அங்கே அப்படித்தான் சொல்கிறார்கள். முதல்நாள் இரவே ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் பத்து நிமிடமாவது தளதளவென்று கொதிக்கவிட வேண்டும். இல்லையென்றால் வயிற்றைக் கெடுக்கும். பிறகு தீயைக் குறைத்து வேகவிட வேண்டும். அவர்கள் உப்பிட்ட மாட்டிறைச்சியும் பன்றிவாலும் சேர்ப்பார்கள். பீன்ஸ் மெத்தென்று ஆனதும் தேங்காய்ப்பால், வெங்காயத்தாள், பூண்டு, தைம், சில ஓல்ஸ்பைஸ் மணிகள். ஸ்காட்ச் பானட் மிளகாயை முழுசாக மிதக்கவிட்டு, வெடிக்குமுன் எடுத்துவிட வேண்டும். கடைசியில் 'ஸ்பின்னர்ஸ்': பிசைந்த மாவை உள்ளங்கைகளுக்கிடையே விரல் நீளத்துக்கு உருட்டிப் போடுவது. குழம்பு தடித்து வர இரண்டரை மணி நேரமாகும்.

ஆன்ட்டியின் சிரிப்புக்குக் காரணம் அந்தச் சிவப்புத்தான். பெண் தன் மாதவிடாய் இரத்தத்தைச் சாப்பாட்டில் கலந்து கொடுத்தால் ஆண் அவளைவிட்டுப் போகமுடியாது, அவன் 'கட்டப்பட்டுவிடுவான்' என்று ஜமைக்காவில் ஒரு நம்பிக்கை உண்டு. மானிடவியலாளர் எலிசா சோபோ 1993இல் வெளியான 'ஒன் பிளட்' நூலில் இந்தப் பயத்தைப் பற்றி எழுதியிருக்கிறார். கலந்தாலும் நிறத்தில் தெரியாது என்பதால் ஸ்டூ பீஸ் மேல் தனிச் சந்தேகம். கண்ட பெண்ணின் கையால் அதைச் சாப்பிடமாட்டேன் என்கிற ஆண்கள் இருக்கிறார்களாம். ராஸ்தஃபாரிகளில் போபோ சாந்தி பிரிவிலோ மாதவிடாய் நாட்களில் பெண்கள் சமைக்கவே கூடாது, தனியே ஒதுங்கியிருக்க வேண்டும்.

என்னால் சிரிக்க முடியவில்லை. கல்யாணமான இரண்டாம் வருடம், என் கணவர் சம்பளத்தைத் தாயிடம் கொடுக்காமல் எங்கள் வாடகைக்கு எடுத்துவைத்தபோது மாமி சொன்னது நினைவுக்கு வந்தது: "அவள் சாப்பாட்டில என்னவோ போட்டுக் குடுத்திட்டாள்." அப்போது நான் பகலில் ஒரு தொழிற்சாலையில் வேலை பார்த்துவிட்டு வந்து, மூன்று பேருக்கும் சமைத்துக்கொண்டிருந்தேன். ஊரில் அந்த நாட்களில் எங்களை அடுப்படிக்குள் விடமாட்டார்கள், துடக்கு. கனடா வந்ததும் துடக்கு தானாக மறைந்துபோயிற்று. சமைக்க வேறு ஆளில்லையே.

அடுப்படியில் நின்ற நேரத்துக்கு எந்த வீட்டிலும் கணக்கில்லை. ஒரு துளி இரத்தத்துக்கு மட்டும் ஓர் ஆணையே கட்டிப்போடும் வல்லமை இருக்கிறதாம். வருடக்கணக்காகச் சமைத்துப் போட்டதற்காக அவன் நம்மோடு இருக்கலாம், அல்லது அவனாகவே யோசித்து முடிவெடுத்திருக்கலாம் என்று யாருக்கும் தோன்றுவதில்லை.

இதை ஆன்ட்டியிடம் சொன்னேன். இந்தமுறை அவர் சிரிக்கவில்லை. "அந்த மருந்து எனக்குத் தெரிந்திருந்தால், மூன்று பிள்ளைகளோடு தனியாக இந்தக் குளிருக்குள் வந்திருப்பேனா?" என்றார்.

போன மாசியில் முதல்முறையாக வீட்டில் செய்தேன், இறைச்சி சேர்க்காமல். மகளுக்கு அன்று மாதவிடாயின் இரண்டாம் நாள். ஸ்பின்னர்ஸ் எல்லாம் அவள்தான் உருட்டினாள். சில கோணல், சில பென்சில் தடிப்பு. ஆன்ட்டி சொன்ன கதையை அவளுக்குச் சொன்னேன். "சீ," என்றாள். பிறகு நெடுநேரம் சிரித்தாள்.

இரவு சாப்பாட்டு மேசையில் அதே கதையைத் தகப்பனுக்குச் சொன்னாள், அவர் பாதி சாப்பிட்ட பிறகு. சோற்றில் அவர் கை ஒரு கணம் நின்றது. என்னைப் பார்த்தார். பிறகு இன்னும் கொஞ்சம் ஊற்றச் சொன்னார்.

சாப்பிட்டு முடிந்ததும் பழக்கத்தில் சட்டியை எடுக்க எழுந்தேன்.

"அப்பா கழுவட்டும் அம்மா," என்றாள் மகள்.

திரும்ப உட்கார்ந்துகொண்டேன்.