மணியின் நாவைக் கட்டுதல்

கருவிகள் மனிதனுக்குப் பணிசெய்ய ஆக்கப்பட்டவை. பணி முடிந்ததும் அதனை அறிவிப்பது பணியாளின் கடமை என்பதும் ஒப்புக்கொள்ளத்தக்கதே. ஆனால், அறிவிப்பு யாருக்கு, எத்துணை உரக்க, எத்தனை தடவை என்னும் வினாக்களைக் கருவிகளை ஆக்குவோர் போதிய அளவு எண்ணிப் பார்க்கின்றனரா என்பது ஐயத்துக்குரியது. சமையலறை நுண்ணலை அடுப்பின் 'பீப்' ஒலியை அடக்குவது பற்றி எழுதத் துணிந்தமைக்கு இவ்வையமே காரணம். பொருள் சிறிதென வாசகர் புறக்கணியாதிருப்பாராக. அதன் பின்னால் ஒருவரின் உறக்கமும் இன்னொருவரின் தன்மானமும் நிற்கின்றன.

இவ்வடுப்பின் வரலாறு போர்க்காலத்தில் தொடங்குகிறது. 1940 இல் இங்கிலாந்தின் பேர்மிங்காம் பல்கலைக்கழகத்தில் ராண்டல், பூட் ஆகிய இருவரும் ஆக்கிய மக்னெற்றோன் குழாய் ராடர்க் கருவிக்குப் புதுவலிமை தந்தது. அத்தகைய குழாய்களோடு பணிபுரிந்த அமெரிக்கரான பேர்சி ஸ்பென்சர், அவற்றின் அலைகள் உணவைச் சூடாக்க வல்லன எனக் கண்டு, 1945 இல் காப்புரிமைக்கு விண்ணப்பித்தார். 1967 இல் சமையலறை மேசையில் வைக்கத்தக்க அடுப்பு அமெரிக்கச் சந்தைக்கு வந்தது. திருகு கொண்டு நேரம் வைக்கும் அடுப்புகள், நேரம் முடிந்ததும் ஒருமுறை மணியடித்து ஓய்ந்தன. பின்னர் இலத்திரனியற் பலகையும் தட்டையான தொடுபொத்தான்களும் வந்தன. மணியின் இடத்தில் சிறு பீங்கான் தகடு அமர்ந்தது. மின்னழுத்தம் மாறுந்தோறும் அத்தகடு அதிர்ந்து ஒலிக்கும். கியூரி சகோதரர் 1880 இல் கண்டறிந்த அமுக்கமின் விளைவின் மறுதலையே இதற்கு அடிப்படை. இவ்வகை ஒலிப்பான்கள் பெரும்பாலும் 2000 முதல் 4000 ஹேர்ட்ஸ் வரையான மீடிறனில் ஒலிப்பன. மனிதச் செவி மிகக் கூர்மையாக உணரும் எல்லையும் ஏறத்தாழ அதுவே. ஆகவேதான் அளவிற் சிறிய அவ்வொலி உறங்குபவரையும் எழுப்பிவிடுகிறது.

நான் தங்கிப் படிப்பது வெள்ளவத்தையில் ஒரு தொடர்மாடி வீட்டில். வீட்டுக்கார மாமியின் மூத்த மகள் ஒரு தாதி. நான் அவரை அக்கா என்றே அழைப்பேன். இரவுக் கடமை முடித்துக் காலையில் வரும் அக்கா, சமையலறைக்கு அடுத்த அறையிற் பகலில் உறங்குவார். நண்பகலில் யாரேனும் கறி சூடாக்கினால் அடுப்பு ஐந்து முறை ஒலிக்கும். கதவைத் திறக்காவிடின் சிறிது நேரத்தில் மீண்டும் ஒலித்து நினைவூட்டும். அக்கா திடுக்கிட்டு எழுந்துவிடுவார். "எந்தக் கட்டில் எண்டுதான் முதல்ல யோசிப்பன்; பிறகுதான் இது வாட்டில்லை, வீடு எண்டு விளங்கும்" என்று ஒருநாள் சொன்னார்.

அவர் கூற்று மிகையன்று. ஓயாது ஒலிக்கும் கருவிகளின் நடுவே செவி மரத்து, தேவையான எச்சரிக்கையையும் தவறவிடும் நிலை மருத்துவ உலகு நன்கறிந்த ஒன்று. அமெரிக்க மருத்துவமனைகளுக்குத் தரச்சான்று வழங்கும் கூட்டு ஆணைக்குழு 2013 இல் இது குறித்து எச்சரித்தது. 2009 ஜனவரி முதல் 2012 ஜூன் வரை, எச்சரிக்கை ஒலிகளோடு தொடர்புடைய 98 நிகழ்வுகள் அதற்கு அறிவிக்கப்பட்டிருந்தன. அவற்றுள் 80 இறப்பில் முடிந்தவை. இரவெல்லாம் ஒவ்வோர் ஒலிக்கும் செவிசாய்க்கக் கடமைப்பட்டவருக்குப் பகலிலேனும் ஒலியற்ற உறக்கம் வேண்டும். அவ்வுறக்கத்தில் நோயாளருக்கும் பங்குண்டு.

எனவே கையேட்டைத் தேடியெடுத்தேன். பல அடுப்புகளில் ஒலியை அடக்க வழி வைத்திருக்கிறார்கள். சிலவற்றில் அதற்கெனவே ஒரு பொத்தான் உண்டு. சிலவற்றில் நிறுத்தப் பொத்தானையோ குறித்த ஓர் எண்ணையோ சில வினாடிகள் அழுத்திப் பிடிக்க வேண்டும். எங்கள் அடுப்பு, நிறுத்தப் பொத்தானை விடாது அழுத்தியதும், நீண்டதோர் ஒலியோடு மௌனமாயிற்று. இத்தகைய வசதியே இல்லாத அடுப்புகளும் உள. அங்கே, நேரம் முடிய ஒரு வினாடி இருக்கையிற் கதவைத் திறந்துவிடலாம். கருவியைப் பிரித்து ஒலிப்பானைக் கழற்ற முற்படுவது மட்டும் ஆகாது. உள்ளிருக்கும் கொள்ளளவி, மின்தொடர்பைத் துண்டித்த பின்னரும் உயிர்போக்கத்தக்க மின்னேற்றத்தைத் தாங்கி நிற்கக்கூடும்.

அக்காவின் உறக்கம் இவ்வாறு காக்கப்பட்டது. ஆனால், சிக்கல் மறுபுறத்திலிருந்து எழுந்தது. என் வகுப்புத் தோழன் ஒருவன் விழிப்புலன் இழந்தவன். கிழமையில் இருநாள் வருவான்; நான் நூல்களை வாசிக்க அவன் கேட்பான்; மதியம் தன் சோற்றைத் தானே சூடாக்குவான். ஒலி அடங்கிய பின் வந்த முதல் நாளில், அடுப்பின் முன் அவன் விரல் தயங்கி நின்றது. "நான் சூடாக்கித் தரட்டே?" என்றேன். "வேண்டாம் மச்சான். உனக்கு அது சத்தம். எனக்கு அதுதான் கண். இந்தத் தட்டைப் பலகையில என்ர விரல் சரியாப் பட்டதோ எண்டு அதுதான் சொல்லும்" என்றான்.

சூடாகி முடிந்ததை அடுப்பின் இரைச்சல் நிற்பதிலிருந்தே அவன் அறிவான். அவனுக்கு வேண்டியது பொத்தானை அழுத்துகையில் எழும் ஒற்றை ஒலி. அக்காவை எழுப்புவதோ இறுதியில் வரும் ஐந்து ஒலிகள். இவ்விரண்டையும் வேறுபிரித்து அடக்க எங்கள் அடுப்பில் வழியில்லை. ஒருவரின் உறக்கத்தையும் மற்றவரின் சுதந்திரத்தையும் ஒரே பொத்தானில் முடிந்து வைத்திருக்கிறது அது.

வழியைக் கண்டவன் தோழனே. தொடக்கப் பொத்தானின் மீதும் நிறுத்தப் பொத்தானின் மீதும் ஒவ்வொரு துளி பசையிட்டு உலரவிட்டோம். இறுகிய மேடு விரலுக்குத் தெரிந்தது. தொடக்கப் பொத்தானை ஒருமுறை அழுத்தினால் அடுப்பு 30 வினாடி இயங்கும். இரைச்சல் எழுந்தால் விரல் சரியாகப் பட்டதென்று பொருள். சூடு போதாதெனின் மீண்டும் அழுத்துவான். அடுத்த அறையில் அக்கா உறங்கிக்கொண்டிருப்பார். மின் தடைப்பட்டு மீளுந்தோறும் அடுப்பு தன் மௌனத்தை மறந்துவிடும். 2022 மார்ச் இறுதியில் நாளுக்கு 13 மணிநேரம் வரை மின்வெட்டு நிலவிய காலம் கடந்துவிட்டது. எனினும் தடைகள் அறவே நீங்கவில்லை. மின் வந்ததும் சென்று அதனை மீண்டும் அடக்குவது என் பணி.

ஒலியடக்கம் எம்மவர்க்குப் புதிய நாகரிகமன்று. அகநானூற்றின் 4 ஆம் செய்யுளில், தலைவன் விரைந்து மீள்வான் எனத் தலைவிக்கு எடுத்துரைக்குமிடத்து, குறுங்குடி மருதனார் ஒரு செய்தியைக் கூறுகிறார். பூவில் தேனுண்ணும் வண்டுகள் கலங்குமென அஞ்சி, அவன் தன் தேர்மணிகளின் நாவைக் கட்டியிருக்கிறானாம். அவன் மணிகளைக் கழற்றி எறியவில்லை. நாவை மட்டுமே கட்டினான் என்பது நோக்கத்தக்கது. மணி வேண்டப்படும் இடமும் உண்டு. வேண்டப்படாத இடமும் உண்டு. எங்கே கட்டுவது என்பதைத் தேரைச் செலுத்துபவனே அறிவான்.

இன்றைய கருவிகளை ஆக்குவோரிடம் நாம் கேட்கவேண்டியதும் இதுவே. அழுத்தும் ஒலி வேறு, முடிவொலி வேறு எனப் பிரித்து, ஒவ்வொன்றையும் அடக்கும் உரிமையைப் பயன்படுத்துவோர் கையில் ஒப்படைத்தல் வேண்டும். அவ்வழியைக் கையேட்டின் மூலையில் ஒளித்துவையாது, பலகையிலேயே கண்ணுக்கும் விரலுக்கும் புலப்படப் பொறித்தல் வேண்டும். அதுவரை, அடுத்த அறையில் உறங்குபவர் யார், அருகில் நின்று செவியாற் காண்பவர் யார் என்று கேட்டறிந்து நடப்பது நம் ஒவ்வொருவருடைய பொறுப்பாகும்.