முன்னால் நடப்பவர்

கேரள-தமிழ்நாடு எல்லையோரப் பாறசாலையில் நின்று பார்த்தால் அகத்தியமலை தெரிகிற காலைகள் வருடத்தில் கொஞ்சம்தான். இரவெல்லாம் மழை பெய்து விடியலில் வெறித்திருந்தால், வடகிழக்கே ரப்பர் மரங்களுக்கு மேலே நீலமாக ஒரு கூர் எழும்பி நிற்கும். வெயில் ஏறுவதற்குள் மேகம் வந்து மூடிவிடும். எங்கள் பக்கத்து ஆட்களுக்கு அந்த மலை தண்ணீர் வருகிற திசை, அவ்வளவுதான். நெய்யாறு அங்கே பிறந்து 56 கிலோமீட்டர் ஓடிப் பூவாறில் கடலைச் சேர்கிறது. நடுவில் குடியிருக்கும் நாங்கள் அந்த ஆற்றில் குளிப்போம், அதன் தண்ணீருக்காக வழக்காடுவோம், சிவராத்திரிக்கு அருவிப்புறத்தில் கூடுவோம். அதன் தலைமாட்டுக்குப் போய்ப் பார்க்கவேண்டும் என்று பெரும்பாலும் யாருக்கும் தோன்றுவதில்லை.

எனக்கு அந்த எண்ணம் கிரேக்க நாட்டைச் சுற்றிக்கொண்டு வந்தது. ஜெர்மனியில் செவிலியராக இருக்கும் என் தங்கை மகள் விடுமுறைக்குக் கிரீட் தீவுக்குப் போயிருந்தாள். அங்கே சமாரியா என்ற மலையிடுக்கில் ஒருநாள் முழுக்க நடந்துவிட்டு, இரவு படமாக அனுப்பித் தள்ளினாள். "மாமா, பதினாறு கிலோமீட்டர். முட்டு ரெண்டும் போச்சு. ஆனா நீங்க இத ஒருநாள் பாக்கணும்" என்றாள். ஓமலோஸ் என்ற மேட்டு நிலத்தில் 1,200 மீட்டருக்கு மேல் தொடங்கும் பாதை, வெள்ளைப் பாறைச் சுவர்களுக்கு நடுவே இறங்கி இறங்கி, ஆயியா ரூமெலி என்ற கடற்கரை ஊரில் முடிகிறது. ஓரிடத்தில் இரு பக்கத்துப் பாறையும் நெருங்கி வந்து, நடுவே நாலு மீட்டர் அளவு இடம்தான் விட்டிருக்கிறது. அண்ணாந்து பார்த்தால் வானம் ஒரு கீற்று. கடற்கரை ஊருக்கு வண்டிச்சாலை கிடையாது, படகேறித்தான் வெளியே வரவேண்டும். நுழையும்போது வாங்கிய சீட்டை வெளியேறும்போதும் காட்டவேண்டுமாம். யாரும் உள்ளே மாட்டிக்கொள்ளவில்லை என்று சரிபார்க்கிற ஏற்பாடு. நல்ல ஏற்பாடு.

"வழி காட்ட யாரு வந்தா?" என்று கேட்டேன். பேருந்தில் கூட வந்த வழிகாட்டிப் பெண் வாசலில் நின்று எல்லாவற்றையும் விளக்கிவிட்டு, கூட்டத்தை முன்னால் விட்டுக் கடைசி ஆளாகப் பின்னால் வந்தாராம். பாதை தெளிவாக இருக்கிறது, பலகைகள் இருக்கின்றன, குழாயில் ஊற்றுத் தண்ணீர் வருகிறது. முன்னால் ஆள் வேண்டியதில்லை. நடுவழியில் சமாரியா என்ற பழைய ஊர் கிடக்கிறது. 1962-ல் அந்த இடத்தைத் தேசியப் பூங்கா ஆக்கியபோது குடியிருந்தவர்களை வெளியே அனுப்பிவிட்டார்கள். கல்வீடுகளும் ஒலிவ மரங்களும் மிஞ்சியிருக்கின்றன. அவள் அனுப்பிய படங்களில் அந்த ஆளில்லாத ஊரைத்தான் நான் அதிக நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மருமகளுக்குப் பதில் சொல்லும் வீம்பில், நண்பர்கள் சிலர் சேர்ந்து நெய்யாறு வனவிலங்குச் சரணாலயத்தில் மீன்முட்டி அருவிக்குப் போவதாக முடிவு செய்தோம். வெள்ளறடை தாண்டிக் கள்ளிக்காடு வழியாக அணைக்குப் போய், அங்கிருந்து படகில் நீர்த்தேக்கத்தைக் கடந்து, பிறகு காட்டுக்குள் நடை. 128 சதுர கிலோமீட்டர் உள்ள அந்தச் சரணாலயம் 1958-ல் அறிவிக்கப்பட்டது. அணையும் அந்த வருடங்களில் எழுந்ததுதான். கைடு இல்லாமல் உள்ளே விடமாட்டார்கள். கைடு என்றால் அந்த மலையின் பழங்குடியான காணிக்காரர்.

அணையைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் எல்லைப் பக்கத்து ஆளால் அதைக் கடக்க முடியாது. 1956 நவம்பர் 1-ம் தேதி விளவங்கோடும் கல்குளமும் தமிழ் பேசும் மாநிலத்துக்குப் போக, நெய்யாற்றின்கரை தாலுகா கேரளத்தில் தங்கியது. தமிழ்ப் பகுதிகளை அந்த மாநிலத்தோடு சேர்க்கப் போராடிய நேசமணியின் கட்சி தொடக்கத்தில் கேட்ட தாலுகாக்களில் இதுவும் ஒன்று. அணையின் இடதுகரைக் கால்வாய் விளவங்கோட்டு நிலங்களுக்கும் தண்ணீர் கொண்டுபோனது. 2004-ல் அது நின்றது, 2012-ல் தமிழ்நாடு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. கால்வாய்க்கு இரண்டு பக்கமும் எனக்குச் சொந்தக்காரர்கள் உண்டு. கல்யாண வீட்டுப் பந்தியில் இந்தப் பேச்சை எடுத்தால் பாயசம் வரும்வரை முடியாது. இங்கே இத்தோடு நிறுத்துகிறேன்.

படகில் ஏறும்போதே கைடு எங்கள் கால்களைப் பார்த்தார். முகத்தைப் பார்க்கவில்லை. ஒரு நண்பர் புதிதாக வாங்கிய வெள்ளை ஷூ போட்டிருந்தார். அதைக் கொஞ்சம் கூடுதல் நேரம் பார்த்தார், ஒன்றும் சொல்லவில்லை. ஐம்பது வயதுக்கு மேலிருக்கும். ஒல்லியான ஆள். இடுப்பில் வெட்டுகத்தி, தோளில் ஒரு துணிப்பை, காலில் ரப்பர் செருப்பு. நான் "அண்ணே" என்று கூப்பிட்டேன், அவர் என்னை "சாரே" என்றார். எங்களுக்குள் பொதுவாக அமைந்தது பாதித் தமிழும் பாதி மலையாளமுமான ஒரு பேச்சு. பாறசாலைச் சந்தையில் நாங்கள் புழங்குவதும் அதுதான். காணிக்காரர்கள் மலைக்கு இந்தப் பக்கம் மட்டுமல்ல, பேச்சிப்பாறையிலும் பாபநாசத்திலும் இருக்கிறார்கள். அவருடைய மனைவி பேச்சிப்பாறைப் பக்கம். மாநில எல்லையைப் பற்றிக் கேட்டபோது, "அது தாழத்துக் காரியம், சாரே" என்றார்.

கரையேறியதும் ஈற்றைக்காடு. ஆள் உயரத்துக்கு மேலே இரு பக்கமும் வளைந்து, கூரை போட்ட மாதிரி பாதையை மூடிக்கிடந்தது. அவர் முன்னால் நடந்தார். அங்கே பலகை கிடையாது, பாறையில் சாயக்குறி கிடையாது. எங்களுக்குப் பாதை என்பது அவருடைய முதுகுதான். "அதில் சவுட்டண்டாம், வழுக்கும்" என்பார். அந்தப் பாறையும் அடுத்த பாறையும் என் கண்ணுக்கு ஒன்றுபோல இருக்கும். ஓரிடத்தில் கையை மட்டும் பின்னால் நீட்டி எங்களை நிறுத்தினார். மேலே எங்கோ கருமந்தி ஒன்று அடித்தொண்டையில் சத்தம் கொடுத்துக்கொண்டிருந்தது. அவர் கொஞ்ச நேரம் கேட்டுவிட்டு, காற்றை மோந்துவிட்டு, "ஆனை இல்லை, வேறெதோ" என்று நடையைத் தொடர்ந்தார். வேறெதோ என்றால் என்ன என்று கேட்க யாருக்கும் தைரியம் வரவில்லை. யானைப்பிண்டம் கிடந்த இடத்தில் குனிந்து புறங்கையால் சூடு பார்த்தார். "நேத்தைக்குள்ளது." பிறகு அட்டைகள். வெள்ளை ஷூ நண்பரின் காலில் சிவப்புக் கோடுகள் இறங்க, துணிப்பையிலிருந்து உப்பும் புகையிலையும் கட்டிய துணிமுடிச்சு வெளியே வந்தது. படகில் அந்த ஷூவைப் பார்த்தபோதே இதற்கு ஆயத்தமாகிவிட்டார் என்று நினைக்கிறேன்.

ஓடை ஓரமாக, மரநிழல் கனத்த ஒரு சரிவில், பாறையிடுக்கில் பளபளப்பான சின்ன இலைகளுள்ள செடி ஒன்றைக் காட்டினார். நான் கேட்டுக்கொண்டே வந்ததால்தான் காட்டினார் என்று நினைக்கிறேன். தரையை ஒட்டி வளர்ந்திருந்தது, கவனித்துப் பார்க்காவிட்டால் மிதித்துவிட்டுப் போய்விடுவோம். அதன் கதை 1987 டிசம்பரில் இதே மலையில் நடந்த ஒரு நடைப்பயணத்தில் தொடங்குகிறது. பழங்குடிகளின் தாவர அறிவைத் தொகுக்க வந்த புஷ்பாங்கதன் தலைமையிலான அறிவியலாளர் குழுவுக்கு வழிகாட்டிகளாகக் காணி இளைஞர்கள் போனார்கள். ஏற்றத்தில் அறிவியலாளர்களுக்கு மூச்சு வாங்கியது. காணிகளோ சோறுகூடப் பெரிதாகத் தின்னாமல், வழியில் சிறிய பழங்களைப் பறித்துப் போட்டு மென்றுகொண்டு, காலை புறப்பட்ட மேனிக்கே நடந்துகொண்டிருந்தார்கள். களைத்தவர்களுக்கும் அதைக் கொடுத்தார்கள். தின்றவர்களுக்கு உடம்பு தெளிந்தது. என்ன பழம் என்று கேட்டபோது சொல்ல மறுத்தார்கள். குலத்துக்குள் வைத்திருக்கும் அறிவு, வெளியாளிடம் சொல்லக்கூடாது. நெடுநேரம் கெஞ்சிக் கேட்டபிறகுதான் செடியைக் காட்டினார்கள். சாத்தான் களஞ்சா என்று அவர்கள் சொன்ன செடி ஆரோக்கியப்பச்சை என்ற பெயரில் வெளியே அறியப்பட்டது.

பாலோட்டில் உள்ள தாவரவியல் தோட்ட ஆய்வு நிலையம் அதிலிருந்து 'ஜீவனி' என்ற மருந்தை உருவாக்கியது. ஆரோக்கியப்பச்சையோடு அமுக்கராவும் திப்பிலியும் விஷ்ணுகிராந்தியும் சேர்ந்த கூட்டு மருந்து அது. கோவை ஆரிய வைத்திய மருந்தகத்துக்கு ஏழாண்டு உரிமம் கொடுத்தார்கள். உரிமத் தொகை 10 லட்சம் ரூபாய், அதற்குமேல் விற்பனையில் 2 சதவீதம். இதில் சரிபாதி காணி மக்களுக்கு என்று ஆய்வு நிலையம் முடிவு செய்தது. அதற்காக 1997-ல் காணிகளுக்கென ஓர் அறக்கட்டளை பதிவானது. பழங்குடி அறிவுக்கு விலை கொடுத்த முதல் ஏற்பாடுகளில் ஒன்று என்று உலகம் முழுவதும் இதைப் பாடமாகச் சொல்கிறார்கள். 2002-ல் ஜோகன்னஸ்பர்க்கில் ஐ.நா. மாநாட்டு மேடைவரை போனவர் குட்டிமாத்தன் காணி. 1987-ல் முன்னால் நடந்த வழிகாட்டிகளில் ஒருவர் அவர்.

பாடப்புத்தகங்கள் பெரும்பாலும் இந்த மேடையோடு நிறுத்திக்கொள்கின்றன. செடி காட்டு நிழலில்தான் மருந்துக்கு உதவும்படி வளர்கிறது. காட்டில் விளைவது வனப்பொருள். அதைப் பயிரிடவும் விற்கவும் காணிகளுக்கு அனுமதி எளிதில் கிடைக்கவில்லை. திருட்டுத்தனமாகச் செடியை வேரோடு பிடுங்கிப் போனவர்களும் உண்டு. காணிகளுக்குள்ளேயும் வருத்தம் இருந்தது. பேச்சு நடந்தது ஒரு பக்கத்து ஊர்களோடு, அறிவு எல்லாருக்கும் பொது, மருந்தும் மந்திரமும் அறிந்த பிலாத்திகளை யாரும் சரியாகக் கேட்கவில்லை என்ற வருத்தம். அதில் நியாயம் உண்டு என்றுதான் நான் நினைக்கிறேன். இருந்தாலும், கொடுத்த பாதியைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அதற்கு முன் இந்த மலையில் ஏறி இறங்கியவர்கள் யாருக்கு எதைப் பங்கு வைத்தார்கள்? திருவிதாங்கூர் வானாய்வு நிலையத்தின் ஜான் ஆலன் பிரவுன் 1855-ல் அகத்தியமலை உச்சியிலேயே ஓர் ஆய்வுக்கூடம் அமைத்தார். 1,800 மீட்டருக்கு மேலே அந்தக் கருவிகளையும் மரச்சட்டங்களையும் தனியொரு ஆளாகச் சுமந்திருக்க முடியாது. சுமந்தவர்கள் யார் என்று பள்ளியில் யாரும் எனக்குச் சொல்லித்தரவில்லை. நெய்யாற்றின்கரைக் கிருஷ்ணன் கோயில் வளாகத்தில் நிற்கும் அம்மச்சிப் பிலாவின் கதையும் இப்படித்தான். எதிரிகள் துரத்த ஓடிவந்த மார்த்தாண்ட வர்மா அந்தப் பலாமரத்துப் பொந்தில் ஒளிந்து பிழைத்தார் என்பார்கள். ராஜாவின் பெயர் நிலைத்தது, மரத்துக்கும் பெயர் கிடைத்தது. பொந்தைக் காட்டியதாகச் சொல்லப்படும் பையனைக் கதை சாமியாக்கிவிட்டது, யார் வீட்டுப் பையன் என்று சொல்லவில்லை.

அருவியைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. அருவி நன்றாக இருந்தது. பாறைகள் நெருங்கி ஓடையை இறுக்கிப் பிடித்த இடத்தில், தண்ணீர் வெள்ளையாக விழுந்து, கீழே பச்சைக் கயமாகத் தேங்கியிருந்தது. குளிக்கலாமா என்று கேட்டதற்குக் கைடு ஓர் ஓரத்தைக் காட்டி, "இவிடம் வரை" என்றார். அதற்கு அந்தப் பக்கம் ஆழம் தனக்கே தெரியாது என்றார். தெரியாததைத் தெரியாது என்று சொன்ன அந்த ஒரு வார்த்தையில்தான் எனக்கு அவர்மேல் முழு நம்பிக்கை வந்தது. பாறையில் உட்கார்ந்து வாழையிலைப் பொதிச்சோற்றைப் பிரித்தோம். மரச்சீனிக் கிழங்கும் மீன்குழம்பும் அவருக்கும் கொண்டுபோயிருந்தோம். அவர் எங்களோடு உட்காரக் கொஞ்சம் தயங்கினார், பிறகு உட்கார்ந்தார். எங்களில் ஒருவர் கைப்பேசியில் பாட்டுப் போட்டார். கைடு ஒன்றும் சொல்லாமல் எழுந்து தள்ளிப்போய், எங்களுக்கு முதுகைக் காட்டிக் காட்டைப் பார்த்து நின்றுகொண்டார். பாட்டு நின்றது. அவர் திரும்பி வந்து உட்கார்ந்தார்.

திரும்பும் வழியில் மழைக்காலத்தைப் பற்றிச் சொன்னார். மழை கனத்தால் இந்த ஓடை ஒரு மணி நேரத்தில் வேறு ஓடையாகிவிடும், அப்போது யாரையும் உள்ளே கூட்டிவரக்கூடாது என்றார். 2001 நவம்பரில் அம்பூரியில் மலை இடிந்து வந்து 40 பேர் அளவில் இறந்ததை எங்கள் பக்கத்தில் யாரும் மறக்கவில்லை. நீர்த்தேக்கத்துக்கு அக்கரையில் இருக்கும் காணிக் குடிகளுக்கு அணை வேறொரு சங்கடத்தைக் கொண்டுவந்தது. தண்ணீர் பெருகி நடைவழிகள் மூழ்கின, பள்ளிக்கும் ஆஸ்பத்திரிக்கும் கும்பிச்சல் கடவில் தோணியே கதி என்று ஆனது. எங்களுக்குக் காட்சியாக இருந்த படகுப் பயணம் அவர்களுக்குப் பிரசவ வலியோடு போகவேண்டியிருந்த வழி. அதே நீரில் 1980-களில் கொண்டுவந்து விட்ட முதலைகளும் பெருகி, கரையில் குளித்தவர்களைத் தாக்கியிருக்கின்றன.

கிரீட்டையும் நெய்யாற்றையும் ஒப்பிட்டு எது அழகு என்று கேட்டாள் மருமகள். அழகில் கிரீட் ஜெயிக்கும் என்று ஒத்துக்கொண்டேன். அந்தப் பாறைச் சுவர்களுக்கு முன் எங்கள் ஓடை சின்னது. ஆனால் அங்கே இருந்த ஊரை வெளியேற்றிய பிறகு பலகை நட்டார்கள். இங்கே ஊர் இன்னும் காட்டுக்குள் இருக்கிறது, அதனால் பலகை வேண்டியிருக்கவில்லை. காணிகளையும் ஒருநாள் நல்ல விலை கொடுத்துக் கீழே இறக்கிவிட்டால், மீன்முட்டிக்கும் அழகான பலகைகள் வந்துவிடும். ஆரோக்கியப்பச்சை எங்கே நிற்கிறது என்பதை மட்டும் எந்தப் பலகையிலும் எழுத முடியாது.

போக நினைப்பவர்கள் மழை ஓய்ந்த மாதங்களில் போங்கள். புறப்படுமுன் வனத்துறையிடம் அனுமதி உண்டா என்று கேட்டுக்கொள்ளுங்கள். வெள்ளை ஷூ வேண்டாம். கைடுக்கும் சேர்த்துச் சோறு கட்டிக்கொண்டு போங்கள், அவர் பெயரைக் கேட்டு அந்தப் பெயரால் கூப்பிடுங்கள். வழியில் அந்தச் செடியைக் காட்டினால் பார்த்துக்கொள்ளுங்கள். ஒரு இலை பறித்துத் தாருங்கள் என்று மட்டும் கேட்காதீர்கள்.