டீச்சர், நீங்களும் பாத்தீங்களா?

கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் கிடைக்கும்போது வாசியுங்கள்.

இந்த வாரம் நம்மட ஆக்களின் வட்ஸ்அப் குழுமங்களில் ஒரு வீடியோ சுற்றுகிறது. ஒரு கணவன் மனைவி சண்டை. யார், எந்தத் தெரு என்று எழுத மாட்டேன். எழுதினால் நானும் அதைச் சுற்றவிட்டவள் ஆகிவிடுவேன். எனக்கு அது மூன்று குழுமங்களில் வந்தது. அதில் ஒன்று பெண்கள் பயான் குழுமம்.

அந்த வீட்டைப் பற்றிக் கதைக்காமல், தூரத்தில் இருக்கிற, உலகத்துக்கே தெரிந்த ஒரு வீட்டைப் பற்றிக் கதைக்கிறேன்.

நடிகர் நவாஸுதீன் சித்தீக்கி. ரஜினியின் 'பேட்ட' படத்தில் வில்லனாக வந்தவர் என்றால் முகம் ஞாபகம் வரும். உத்தரப் பிரதேசத்தில் புதானா என்ற ஊரில் பிறந்து, டெல்லி தேசிய நாடகப் பள்ளியில் படித்து, பல வருடம் சின்னச் சின்ன வேடத்தில் நின்று, பிறகு பெரிய பெயர் எடுத்தவர். மனைவி ஆலியா. 2010இல் கல்யாணம். ஒரு மகள், ஒரு மகன்.

2020 மே மாதம், கொரோனா ஊரடங்கு நேரத்தில், ஆலியா விவாகரத்து நோட்டீஸ் அனுப்பினார். தபால் வேலை செய்யாததால் மின்னஞ்சலிலும் வட்ஸ்அப்பிலும் போனது. அடுத்த வருடம் அவரே மனம் மாறி, சேர்ந்து வாழ விரும்புவதாகச் சொன்னார். முடிந்தது என்று நினைத்தோம். முடியவில்லை. 2023 ஜனவரியில் நவாஸுதீனின் உம்மா மும்பையில் மருமகள்மேல் பொலிஸில் முறைப்பாடு கொடுத்தார். பிறகு அவர் இவர்மேல், இவர் அவர்மேல் என்று கடுமையான குற்றச்சாட்டுகள். மார்ச் மாதம் ஆலியா பிள்ளைகளோடு வீட்டுக்கு வெளியே இரவில் நின்று எடுத்த வீடியோவை இன்ஸ்டாகிராமில் போட்டார். நவாஸுதீன் தன் தம்பிமேலும் ஆலியாமேலும் 100 கோடி ரூபாய் கேட்டு மானநஷ்ட வழக்குப் போட்டார்.

அந்த இரவு வீடியோ எனக்கு ஆறு பேரிடமிருந்து வந்தது. நானும் பார்த்தேன், முழுதாகப் பார்த்தேன். ஸ்டாஃப் ரூமில் இடைவேளைக்குப் பிளேன்டீ குடித்தபடி, யாரில் பிழை என்று நாங்கள் தீர்ப்பும் சொன்னோம். எங்களில் ஒருவருக்கும் அந்த வீட்டுப் படலை எந்தப் பக்கம் என்றுகூடத் தெரியாது.

அதற்குச் சில நாட்களில் நவாஸுதீன் ஓர் அறிக்கை விட்டார். அதில் இரண்டு விஷயம் என்னைப் பிடித்துக்கொண்டது. ஒன்று, இந்தத் தமாஷாவையெல்லாம் என் பிள்ளைகள் ஒருநாள் வாசிப்பார்கள், அதனால்தான் இவ்வளவு நாளும் வாயைத் திறக்கவில்லை என்றார். இரண்டாவது, பிள்ளைகள் துபாயில் படிப்பவர்கள், 45 நாட்களாகப் பாடசாலைக்குப் போகவில்லை, பாடசாலையிலிருந்து கடிதம் வந்துகொண்டிருக்கிறது என்றார். அவர் சொன்ன மற்றதெல்லாம் ஒரு பக்கத்து நியாயம். அதற்கு ஆலியாவிடம் வேறு பதில் இருந்தது. ஆனால் பிள்ளைகள் வகுப்பில் இல்லை என்பதில் சந்தேகமில்லை. மகளுக்குப் பன்னிரண்டு வயது, மகனுக்கு ஏழு.

நான் தினமும் காலையில் வரவு இடாப்பு எடுத்துக் கூப்பிடுகிறவள். ஒரு பெயரைக் கூப்பிட்டுப் பதில் வராவிட்டால் காய்ச்சலா, கல்யாண வீடா என்று நினைப்பேன். தொடர்ந்து நாலு நாள் என்றால் நெஞ்சு கொஞ்சம் இறுகும். அதற்குக் காரணம் ஒரு பிள்ளை.

பயிற்சிக் கலாசாலை முடித்து முதல் நியமனம் கிடைத்தது வேறு மாவட்டத்தில். ஊரையும் பாடசாலையையும் சொல்ல மாட்டேன், அந்தப் பிள்ளை இப்போது வளர்ந்துவிட்டாள். அன்றைக்குத் தரம் 7. முன்வரிசையில் இருப்பாள், கொப்பியின் ஓரத்தில் பூ கீறுவாள். அவளுடைய வாப்பாவும் உம்மாவும் படலையடியில் நின்று சண்டை பிடித்ததை அயலவர் ஒருவர் போனில் எடுத்துவிட்டார். இரண்டு நிமிடமும் இல்லை. அன்று இரவே ஊர் முழுக்கப் போய்விட்டது.

எனக்கும் வந்தது. பார்த்தேன். அதோடு நிற்கவில்லை. "பாவம், என்ட வகுப்புப் பிள்ளைட வீடு" என்று எழுதி என் தாத்தாவுக்கும் அனுப்பினேன். பாவம் என்று எழுதியதால் நான் செய்தது பாவமில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

பிள்ளை பதினொரு நாள் வரவில்லை. பன்னிரண்டாம் நாள் வந்து கடைசி வரிசையில் இருந்தாள். இடைவேளைக்கு மற்றப் பிள்ளைகள் போனபிறகு என் மேசையடிக்கு வந்தாள்.

"டீச்சர், நீங்களும் பாத்தீங்களா?"

இல்லை என்று சொன்னேன். அவள் என் முகத்தைப் பார்த்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள். பொய் என்று அவளுக்கு விளங்கிவிட்டது. அதற்குப் பிறகு அந்த வருடம் முழுக்க அவள் என்னிடம் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. பாடத்தில் சந்தேகம்கூட.

அவளுடைய உம்மாவும் வாப்பாவும் பிறகு சேர்ந்துவிட்டார்கள். பெரியப்பா ஒருவரும் தாய்மாமாவும் ஓர் அஸருக்குப் பிறகு வந்து, கதவைச் சாத்திவிட்டு இருந்து கதைத்தார்களாம். இரண்டு மணித்தியாலத்தில் வழி பிறந்ததாம். ஆனால் வீடியோ சேரவில்லை. அது இன்னும் யாருடைய போனிலோ சண்டை பிடித்துக்கொண்டே இருக்கும்.

நவாஸுதீன் விஷயத்திலும் வழி பிறந்தது கதவுக்கு உள்ளேதான். பிள்ளைகள் எங்கே என்று கேட்டு அவர் மும்பை உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போட்டிருந்தார். நீதிபதிகள் பிள்ளைகளின் படிப்பைப் பற்றிக் கேட்டார்கள், பேசித் தீருங்கள் என்றார்கள். 2023 ஏப்ரலில் தாய், தகப்பன், பிள்ளைகள் எல்லாரையும் தங்கள் அறைக்கே கூப்பிட்டுப் பேசினார்கள். பத்திரிகைக்காரர் இல்லை, கமரா இல்லை. முடிவில் பிள்ளைகள் துபாய்க்குத் திரும்பிப் படிப்பைத் தொடர்வது என்று உடன்பாடு வந்தது. கணவன் மனைவி வழக்கு அன்று தீரவில்லை. ஆனால் முதலில் தீரவேண்டியது தீர்ந்தது.

ஒரு வருடம் கழித்து, 2024 மார்ச்சில், ஆலியா பதினான்காவது கல்யாண நாளுக்குக் குடும்பப் படம் போட்டார். மூன்றாம் ஆட்களால்தான் எப்போதும் பிரச்சினை வந்தது, இப்போது அது இல்லை என்றார். நடந்ததெல்லாம் மகளை மிகவும் பாதித்துவிட்டது, அவளால் தாங்க முடியவில்லை, அதனால் சண்டையை விட்டுவிட்டோம் என்றும் சொன்னார்.

இரவு வீடியோவை எனக்கு அனுப்பிய ஆறு பேரில் ஒருவர்கூட இந்தச் செய்தியை அனுப்பவில்லை.

கணவன் மனைவிக்குள் பிளவு வரும் என்று பயந்தால் அவன் குடும்பத்திலிருந்து ஒருவர், அவள் குடும்பத்திலிருந்து ஒருவர் என்று நடுவர்களை ஏற்படுத்தச் சொல்லி ஸூரா நிஸாவின் 35ஆம் வசனம் வழிகாட்டுகிறது. ஒரு பக்கம் ஒருவர், மறு பக்கம் ஒருவர். ஊர் முழுக்க இல்லை. நம்நாட்டு 1951ஆம் ஆண்டு முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டத்திலும் இதன் சாயல் இருக்கிறது. தலாக் சொல்ல விரும்பும் கணவன் முதலில் காதியாருக்கு அறிவிக்க வேண்டும். காதியார் உறவினரையும் ஊர்ப் பெரியவர்களையும் வைத்துச் சமாதானம் செய்து பார்க்க வேண்டும். 30 நாட்களுக்குள் சரிவராவிட்டால்தான் அடுத்த படி.

ஆனால் நம்மட நிலைமையையும் யோசிக்க வேண்டும். 1990 ஒக்டோபரில் இங்கிருந்து விரட்டப்பட்டோம். திரும்பி வந்த பிறகும் நிறையப் பேருக்கு வீடு இரண்டு. வாப்பா இங்கே தொழில், உம்மாவும் பிள்ளைகளும் புத்தளத்தில். இடையில் பஸ்ஸும் போனும்தான். முன்பு சோனகத் தெருவில் ஒரு வீட்டில் சத்தம் கூடினால் அடுத்த வளவிலிருந்து ஒரு உம்மும்மா படலையைத் திறந்துகொண்டு வருவாவாம். என் உம்மா சொல்லக் கேட்டிருக்கிறேன். அந்த உம்மும்மாமார் எல்லாம் சிதறிப்போனார்கள். அவர்கள் வந்த இடத்துக்கு இப்போது போன் வந்திருக்கிறது. அது சமாதானம் பேசாது.

ஒன்றைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். எப்படியாவது சேர்ந்து இரு என்று நான் எழுதவில்லை. அடி விழுகிற வீட்டுக்கு ஒரு பெண்ணைத் திருப்பி அனுப்புவது சமாதானம் இல்லை. அவளுக்குப் பொலிஸும் நீதிமன்றமும் வேண்டும், அவள் பக்கத்தில் நிற்க ஆள் வேண்டும். அந்த 1951ஆம் ஆண்டுச் சட்டம் பெண்ணைக் காதியாக இருக்க விடவில்லை. அதனால் அவள் பக்கத்தைக் கேட்கும் காதுகள் ஏற்கனவே குறைவு. இரவில் வெளியே நின்று வீடியோ எடுக்கும் ஒரு பெண்ணுக்கு, தன்னைக் கேட்க வேறு ஆள் இல்லை என்றும் இருக்கலாம். பிரிவதே நல்லது என்றால் அதையும் கதவுக்குள் மரியாதையாகப் பேசிப் பிரியலாம். நான் கேட்பது, பேச வேண்டியவர்கள் பேச நாம் இடம் விட வேண்டும் என்பதுதான்.

இந்த வாரத்து வீட்டிலும் பிள்ளைகள் இருக்கிறார்கள். நாளைக்குக் காலையில் ஏதோ ஒரு பாடசாலையில் ஒரு டீச்சர் இடாப்பில் அந்தப் பெயரைக் கூப்பிடுவா.

உங்கள் போனில் அந்த வீடியோ இருந்தால் இப்போதே அழித்துவிடுங்கள். அனுப்பியவர் உறவு என்றால், "இதை இனி அனுப்பாதீங்க நானா" என்று ஒரு வரி எழுதுங்கள். அந்தக் குடும்பத்துக்கு நெருக்கமானவர் என்றால் நேரில் போங்கள், போனை வீட்டில் வைத்துவிட்டுப் போங்கள். நான் மூன்று குழுமங்களிலும் எழுதிவிட்டேன். ஒன்றிலிருந்து என்னை நீக்கிவிட்டார்கள். பரவாயில்லை.

நாளைக்கு ஒரு பிள்ளை என் மேசையடிக்கு வந்து அதே கேள்வியைக் கேட்டால் இந்தமுறை உண்மையைச் சொல்ல வேண்டும். "வந்தது மகள், பாக்காம அழிச்சிட்டன்" என்று.

அல்லாஹ் நம் எல்லாருடைய வீடுகளின் குறைகளையும் மறைப்பானாக. ஆமீன்.