பானைக்குள் விரியன்

கடலை பிடுங்கிப் போட்டிருந்த வயலில் மழை மேகம் கட்டிய ஒரு சாயங்காலம், கொடிக் குவியலின் மேல் தார்ப்பாய் போர்த்தச் செருப்பில்லாமல் இறங்கினார் என் சித்தப்பா. கொட்டாம்பட்டியில் எங்கள் வயல் நாலுவழிச் சாலையை ஒட்டியது. காலடியில் ‘உஸ்ஸ்’ என்று நீளமாக ஒரு சத்தம். ஏதோ லாரி பிரேக் போட்டுக் காற்றை விடுகிறது என்று நினைத்தாராம். அடுத்த அடியில் கணுக்காலுக்கு மேலே கடி விழுந்தது.

மேலூரில் முதலுதவி, அங்கிருந்து மதுரைப் பெரியாஸ்பத்திரி. அந்த ராத்திரியில் அவருக்கு இன்றும் தெளிவாக நினைவிருப்பது ஒரு கண்ணாடிக் குழாய். ரத்தம் எடுத்து அதில் விட்டு, ஆட்டாமல் அசைக்காமல் இருபது நிமிடம் வைத்துவிட்டுச் சாய்த்துப் பார்த்தார்கள். உறைந்திருக்க வேண்டிய ரத்தம் தண்ணீராக ஓடியது. ஈறிலும் ரத்தம் கசியத் தொடங்கியிருந்தது. விஷமுறிவு மருந்து முதலில் பத்துக் குப்பி, பிறகு இன்னொரு பத்து. சிறுநீரகம் சோர்ந்துபோய் நான்கு தடவை டயாலிசிஸ். பிழைத்து வந்தார். வந்தவர் ஒருநாள் திண்ணையில் உட்கார்ந்து கேட்டார்: “அந்தக் குப்பி மருந்த எதுலடா செய்றாங்க?”

பாம்பு விஷத்தில்தான் என்றேன். “அத யாரு எடுக்குறா?” என்றார். அதைத் தெரிந்துகொள்ளத்தான் கிழக்குக் கடற்கரைச் சாலையில், மாமல்லபுரத்துக்கு வடக்கே இருக்கும் வடநெம்மேலிக்குப் போனேன்.

அங்கே முதலைப் பண்ணை வளாகத்துக்குள் இருக்கிறது இருளர் பாம்பு பிடிப்போர் தொழில் கூட்டுறவுச் சங்கம். 1978இல் பாம்பு ஆய்வாளர் ராமுலஸ் விட்டேக்கரின் முயற்சியில் தொடங்கியது. அதற்கு முன்பு பழங்குடியினரான இருளர்கள் பாம்பைத் தோலுக்காகப் பிடித்து வியாபாரிகளிடம் விற்றுவந்தார்கள். 1972இன் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டமும் பிறகு வந்த ஏற்றுமதித் தடையும் அந்தப் பிழைப்பை ஒரே வீச்சில் நிறுத்தின. பாம்பைத் தவிர வேறு சொத்தில்லாத குடும்பங்கள் அவை. பாம்பைக் கொல்லாமல் விஷத்தை மட்டும் எடுத்து, உயிரோடு திரும்ப விடலாம் என்ற யோசனை அவர்களுடைய கைத்திறனையும் காப்பாற்றியது.

சங்கத்தில் முதலில் கண்ணில் படுவது மண்பானைகள்தான். மணலில் வரிசையாகப் புதைத்து வைத்த பானைகள், வாயை மூடிக் கட்டிய பருத்தித் துணி. மண்பானை குளிர்ச்சி, இருட்டு. பாம்பு பதற்றப்படாது. நான்கே வகைகளுக்குத்தான் அனுமதி: நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன். ஆண்டுக்கு எத்தனை பிடிக்கலாம் என்பதை அரசு நிர்ணயிக்கிறது.

பெயரைக் கேட்டால் நான்கில் மூன்று விரியன். உண்மையில் இரண்டுதான் விரியன் குடும்பம். கட்டுவிரியன் நல்ல பாம்பின் உறவு. அதன் பல் சிறியது, அசையாமல் நிற்பது. விஷம் நரம்பைத் தாக்கும். இரவில் தரையில் படுத்திருப்பவர்களைக் கடிக்கும். வலியே தெரியாமல் போய், விடியும்போது இமை திறக்க முடியாமல், மூச்சு விட முடியாமல் ஆகும். அசல் விரியனோ வாயைத் திறக்கும்போது மடக்குக் கத்தியைப்போல் பல்லை விரிப்பது. உள்துளையுள்ள நீளப் பல், ஊசி போல ஆழத்தில் விஷத்தை இறக்கிவிடும். கடித்த இடம் வீங்கும், எரியும். ரத்தத்தின் உறைதிறன் தீர்ந்துபோகும். சித்தப்பாவின் கண்ணாடிக் குழாயில் நடந்தது அதுதான். கட்டுவிரியன் முட்டை இடும். கண்ணாடி விரியனும் சுருட்டையும் வயிற்றுக்குள்ளேயே முட்டையைப் பொரித்துக் குட்டிகளாக ஈனும். கண்ணாடி விரியன் ஒரே ஈற்றில் இருபது, முப்பது, அதற்கு மேலும் போடும். ஒவ்வொரு குட்டிக்கும் பிறந்த நாளிலேயே விஷம் உண்டு.

மறுநாள் விடியற்காலையில் ஓர் இருளர் பெரியவரோடும் அவர் மனைவியோடும் சவுக்குத் தோப்பு ஓரமாக நடந்தேன். இருவர் கையிலும் கடப்பாரை, தோளில் துணிப்பை. பேச்சு கிடையாது. பெரியவர் வரப்பைப் பார்த்து நடந்தார், அம்மா புதரைப் பார்த்து நடந்தார். ஓர் எலி வளையின் முன்னால் உட்கார்ந்து மண்ணை விரலால் தடவினார் பெரியவர். எனக்கு வெறும் மண். அவருக்கு அதில் ஒரு இழுவைத் தடம்.

“உள்ள போன தடம் தம்பி. வெளிய வரல.”

“விரியனா ஐயா?”

“தடம் அகலமா, நேரா இருக்கு பாரு. தடி உடம்பு. நல்ல பாம்புன்னா நெளிவு விழும்.”

பத்து நிமிடம் மண்ணைக் கொத்தினார்கள். பாதி வளை திறந்ததும் அதே சத்தம் வந்தது. சித்தப்பா லாரி என்று நினைத்த சத்தம். எனக்கு முதுகு சில்லிட்டது. பெரியவர் குச்சியால் உடம்பை மெல்ல வெளியே வழித்து, வாலைப் பிடித்துத் தன் உடம்பிலிருந்து தள்ளி நீட்டினார். மஞ்சள் கலந்த பழுப்பு. முதுகில் சங்கிலி கோத்ததுபோல மூன்று வரிசை வட்டங்கள், ஒவ்வொன்றுக்கும் கறுத்த விளிம்பு. கழுத்தைவிட அகன்ற முக்கோணத் தலை. இந்தத் தடி உடம்பைப் பார்த்து மலைப்பாம்புக் குட்டி என்றோ மண்ணுளி என்றோ நினைத்துக் கையில் எடுத்தவர்கள் உண்டு. மண்ணுளிக்குக் கழுத்தே தெரியாது. மலைப்பாம்பின் திட்டுகள் ஒழுங்கில்லாமல் கிடக்கும். இதன் வட்டங்கள் அச்சுப் பிடித்தவை. ‘இந்தியப் பாம்புகள்’ பற்றி 1796இல் எழுதிய பாட்ரிக் ரஸ்ஸலின் பெயரைத்தான் விஞ்ஞானம் இதற்கு வைத்தது.

சுருட்டையை அம்மா பிடித்தார். கல்லைப் புரட்டினார், அவ்வளவுதான். சாண், ஒன்றரைச் சாண் நீளம் இருக்கும். எட்டு வடிவத்தில் சுருண்டு, உடம்போடு உடம்பை உரசியது. அதன் பக்கச் செதில்கள் ரம்பப் பல் போன்றவை, அறுக்கிற சத்தம் அவற்றிலிருந்து வருகிறது. தலையில் பறவையின் கால்தடம் மாதிரி வெள்ளைக் குறி. “இதுதான் கோவக்காரன்” என்றார் அம்மா. உருவத்தில் சிறியதென்று அலட்சியமாக இருக்கவே கூடாது. எங்கள் ஊர்ப் பாறைக் காடுகளில் கல் அடுக்கும் பெண்கள் இதை நன்றாக அறிவார்கள்.

குழிவிரியன்கள் இவர்களுடைய பானைகளுக்கு வருவதில்லை. கண்ணுக்கும் மூக்குக்கும் நடுவே வெப்பம் உணரும் குழி உள்ள அவை மலைவாசிகள். பழனி மலையிலும் மேகமலையிலும் பச்சை நிறப் பெருஞ்செதில் குழிவிரியன் இருக்கிறது. கேரளத்திலும் இலங்கையிலும் மூக்கு தூக்கிய சின்னக் குழிவிரியன் தோட்டத் தொழிலாளர்களைக் கடிக்கிறது. அதன் விஷத்துக்கு நம் முறிவு மருந்து வேலை செய்வதில்லை.

விஷம் எடுப்பதைப் பார்த்தபோது நான் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தேன். பானையிலிருந்து எடுத்த கண்ணாடி விரியனின் தலையைக் கழுத்தோடு சேர்த்துப் பிடித்து, மெல்லிய ரப்பர் தோல் கட்டிய கண்ணாடிக் குடுவையின் விளிம்பில் வைத்தார் ஓர் இளைஞர். பல் தோலைத் துளைத்தது. மஞ்சள் துளிகள் உள்ளே வழிந்தன. சுருட்டையிடம் ஒரு தடவைக்குச் சில மில்லிகிராம்தான் கிடைக்கும். வாரம் ஒருமுறை, மூன்று நான்கு வாரம் எடுத்துவிட்டு, வயிற்றுச் செதிலில் சிறு வெட்டு அடையாளம் வைத்துக் காட்டில் விடுகிறார்கள். அடையாளத்தோடு மறுபடி கையில் கிடைத்தால், அண்மையில் விஷம் கொடுத்த பாம்பு என்று தெரிந்து விட்டுவிடுவார்கள். எடுத்த விஷம் உறைநிலையில் உலர்த்தப்பட்டுப் பொடியாகி மருந்து நிறுவனங்களுக்குப் போகிறது. அங்கே குதிரைகளுக்குச் சிறிது சிறிதாக ஏற்றி, அவற்றின் ரத்தத்தில் உருவாகும் எதிர்ப்புப் பொருளைப் பிரித்துக் குப்பியில் அடைக்கிறார்கள். நான்கு பாம்புக்கும் ஒரே மருந்து. ஆகவே கடித்த பாம்பைத் தேடி அடித்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டியதில்லை. கயிறு கட்டுவதும் கீறுவதும் வேண்டாம். கடிபட்ட காலை அசைக்காமல் சீக்கிரம் போய்ச் சேர்வதுதான் வேண்டும்.

2000 முதல் 2019 வரை இந்தியாவில் பாம்புக்கடியால் சுமார் 12 லட்சம் பேர் இறந்ததாக ஓர் ஆய்வு கணக்கிட்டது. பெரும்பாலும் கிராமத்து ஏழைகள். 2024 நவம்பரில் தமிழ்நாடு அரசு பாம்புக்கடியை அறிவிக்கப்பட வேண்டிய நோயாக்கியது. அதன்படி ஒவ்வொரு கடியையும் மருத்துவமனை பதிவுசெய்து தெரிவிக்க வேண்டும். நல்ல காரியம். இந்த மருந்தின் முதல் கண்ணியான இருளர்களுக்கும் அங்கீகாரம் தாமதமாகத்தான் வந்தது. 2023இல் வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் பத்மஸ்ரீ கிடைத்தது. 2017இல் புளோரிடாவின் சதுப்புக் காட்டில் பெருகிவிட்ட பர்மிய மலைப்பாம்புகளைப் பிடிக்க அழைக்கப்பட்டவர்கள் இவர்கள் இருவரும். ஆனால் இன்னும் சாதிச் சான்றிதழுக்காகவும் வீட்டுமனைப் பட்டாவுக்காகவும் அலையும் இருளர் குடும்பங்கள் இருக்கின்றன. அதைப் பார்த்தபின் பத்மஸ்ரீ என்ற சொல் எனக்கு நிறைவு தரவில்லை.

ஊர் திரும்பி எல்லாவற்றையும் சொன்னேன். சித்தப்பா பானைகளைப் பற்றித் திரும்பத் திரும்பக் கேட்டார். கடைசியில், “நம்ம ஊரு விரியன் விஷமும் அதுல இருக்குமா?” என்றார்.

இல்லை. இருளர்கள் பிடிப்பது செங்கல்பட்டு, காஞ்சிபுரம், திருவள்ளூர்ப் பக்கத்துப் பாம்புகள். இடத்துக்கு இடம் கண்ணாடி விரியனின் விஷம் மாறுவதையும், ஓரிடத்து விஷத்தில் செய்த மருந்து இன்னோர் இடத்தில் அதே வலுவோடு வேலை செய்யாமல் போகலாம் என்பதையும் பெங்களூரு இந்திய அறிவியல் கழக ஆய்வாளர்கள் காட்டியிருக்கிறார்கள். அதனால்தான் பல வட்டாரங்களின் விஷத்தையும் சேர்க்க வேண்டும் என்கிறார்கள். எனக்குத் தெரிந்தவரையில் எடுத்துச் சொன்னேன்.

கணுக்காலில் பல் பதிந்த கறுப்புத் தழும்பைத் தடவியபடி கொஞ்ச நேரம் இருந்தார். கடித்த அன்று பக்கத்து வயல்காரர்கள் அந்த விரியனை மண்வெட்டியால் அடித்து வரப்பில் போட்டிருந்தார்கள்.

“அடுத்த வாட்டி போனீன்னா அந்தப் பெரியவர்கிட்ட சொல்லு,” என்றார். “கடலை எடுப்புக்கு இங்கிட்டு வரச் சொல்லு. எந்த வரப்புல இருக்குன்னு நான் காட்டுறேன்.”